பச்சை குத்தப்பட்ட பெயர்

1980இல் வெளிவந்த ‘வண்டிச்சக்கரம்’ படத்தில் சாராயக் கடைப் பெண் ஒருத்தி வருகிறாள். பாத்திரத்தின் பெயர் சிலுக்கு. படத்தின் நாயகன் சிவகுமார், நாயகி சரிதா. அவர்கள் ஏற்ற பாத்திரங்களின் பெயரை இன்று யாரிடம் கேட்டாலும் யோசித்துத்தான் சொல்ல வேண்டியிருக்கும். படம் முடிந்ததும் அந்தப் பெயர்களை அவர்கள் உடையோடு கழற்றி வைத்துவிட்டு அடுத்த படத்துக்குப் போனார்கள். அந்தச் சாராயக் கடைப் பெண்ணாக நடித்தவரால் மட்டும் அது முடியவில்லை. பாத்திரத்தின் பெயர் அவருடைய பெயரானது. சுவரொட்டியிலும் விநியோகஸ்தர் ஒப்பந்தத்திலும் கிசுகிசுப் பத்தியிலும் ஏறி, கடைசியில் மரணச் செய்தியின் தலைப்பிலும் ஏறியது.

ஏலூருக்குப் பக்கத்தில் கொவ்வலி என்ற ஊரில் 1960 டிசம்பர் 2 அன்று பிறந்தபோது வீட்டார் வைத்த பெயர் விஜயலட்சுமி. நான்காம் வகுப்போடு படிப்பு நின்றது. விவரம் தெரியும் முன்பே கல்யாணம் செய்து வைத்தார்கள். அந்த வீட்டின் கொடுமை தாங்காமல் வெளியேறி, சென்னையில் உறவினர் ஒருவரின் நிழலுக்கு வந்து சேர்ந்தார். நடிகை ஒருவருக்கு ஒப்பனை உதவியாளராகப் படப்பிடிப்புத் தளத்துக்குள் நுழைந்தார். பிறகு ‘ஸ்மிதா’ ஆனார். அந்தப் பெயரைச் சூட்டியது தான்தான் என்று சொன்னவர்கள் இருவர்: ‘வண்டிச்சக்கரம்’ படத்தின் கதாசிரியர் வினு சக்கரவர்த்தி, மலையாள இயக்குநர் ஆன்டனி ஈஸ்ட்மேன். இரண்டு ஆண்கள் உரிமை கோரும் ஒரு பெயர், அதற்கு முன்னால் ஒட்டிக்கொண்ட ஒரு பாத்திரத்தின் பெயர். சில்க் ஸ்மிதா என்ற இரண்டு சொல்லில் ஒன்றுகூட அந்தப் பெண் தனக்குத் தானே வைத்துக்கொண்டது அல்ல.

இதைப் பச்சை குத்துதல் என்று சொல்லத் தோன்றுகிறது. அலங்காரத்துக்காகச் சொல்லும் உவமை இல்லை. பச்சை குத்துதலுக்கு நம் மண்ணில் ஒரு நீண்ட வரலாறு இருக்கிறது. பெண்ணுடலின் மேல் யார் எழுதலாம், எதை எழுதலாம், எழுதியதை யார் படிக்கலாம் என்ற கேள்விகள் எல்லாம் அந்த வரலாற்றுக்குள் கிடக்கின்றன.

*

மதுரையைச் சுற்றிய கிராமங்களில் இன்று எழுபது வயதைத் தாண்டிய பெண்களின் முன்னங்கையைப் பாருங்கள். புள்ளிக் கோலம், தேள், மயில், வரிசையாகச் சில புள்ளிகள். என் அப்பத்தாவின் இடது கையில் ஒரு கோலமும் அதன் கீழே ஒரு தேளும் இருந்தன. சந்தைக்கும் திருவிழாவுக்கும் வந்த குறவர் சமூகத்துப் பெண்கள் குத்தியவை அவை. வலி தெரியாமலிருக்கப் பாடிக்கொண்டே குத்துவார்கள். நெல்லோ கம்போ துட்டோ கூலி. அகத்திக்கீரை, மஞ்சள், விளக்குக் கரி, தாய்ப்பால் என்று மை கூட்டும் முறையையும் அந்தப் பெண்களே அறிந்து வைத்திருந்தார்கள். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எட்கர் தர்ஸ்டன் தென்னிந்தியச் சாதிகளைப் பற்றி எழுதிய தொகுதிகளில் இந்தத் தொழில் பதிவாகியிருக்கிறது. செத்தால் தாலியையும் தோட்டையும் கழற்றிக்கொள்வார்கள், பச்சையை யாரும் கழற்ற முடியாது என்பது அந்தத் தலைமுறைப் பெண்களின் பேச்சு. சொத்துரிமை இல்லாத ஒருத்திக்கு அவளோடு சுடுகாடு வரை வரும் ஒரே நகை அது. பெண் குத்தி, பெண் கூலி கொடுத்து, பெண் போட்டுக்கொண்ட நகை.

குத்திய கைகளின் கதை வேறு. குற்றப் பழங்குடிகள் சட்டம் 1911இல் சென்னை மாகாணத்துக்கு வந்தபோது குறவர்களும் அதில் சிக்கினார்கள். ஊர் ஊராகப் போய்த் தொழில் செய்வதே சந்தேகத்துக்குரிய நடத்தை ஆனது. ஊர்ப் பெண்களின் உடலில் நகை எழுதியவர்களைப் பிறவிக் குற்றவாளிகள் என்று அரசு தன் ஏட்டில் எழுதிக்கொண்டது.

உடலில் எழுதும் வேலையை அரசே நேரடியாகச் செய்த காலமும் உண்டு. கிழக்கிந்தியக் கம்பெனியின் வங்காள ஆட்சி 1797இல் கொண்டுவந்த விதிப்படி, ஆயுள் தண்டனைக் கைதிகளின் நெற்றியில் அவர்களுடைய குற்றம் பச்சை குத்தப்பட்டது. 1849இல்தான் இந்த வழக்கம் ஒழிந்தது. தலையெழுத்து என்று நாம் பேச்சுக்குச் சொல்வதைக் கம்பெனி நிஜமாகவே ஊசியால் எழுதியது. தண்டனை முடிந்தாலும் நெற்றி முடியாது.

ஆண்கள் குத்திக்கொண்ட பச்சைக்கு இன்னொரு பொருள் வந்தது. 1970களில் எம்.ஜி.ஆர். தன் கட்சிக்காரர்கள் கையில் கட்சிக் கொடியைப் பச்சை குத்திக்கொள்ளச் சொன்னார். கட்சிக்குள்ளேயே சிலர் எதிர்த்தார்கள், ஆயிரக்கணக்கானோர் குத்திக்கொண்டார்கள். ஆணின் கையில் பச்சை விசுவாசம் ஆனது. அதைக் காட்டிக் கேட்க முடிந்தது, பெற முடிந்தது.

ஆக, பச்சையில் நகை உண்டு, தண்டனை உண்டு, விசுவாசம் உண்டு. ‘சிலுக்கு’ என்ற பெயர் இதில் எந்த வகை? திரைத்துறை அதை நகை என்று சொல்லித்தான் குத்தியது. ஆனால் அது வேலை செய்த விதம் நெற்றியில் எழுதிய எழுத்தின் விதம்.

*

மேலை நாட்டில் பச்சை குத்திய உடலைக் காட்சிப் பொருளாக்கிச் சம்பாதித்த முதல் பெண்களில் ஒருவர் நோரா ஹில்டெபிராண்ட். 1882இல் நியூயார்க்கில் காட்சிக்கு வந்தார். கை கால் எல்லாம் பச்சை. அந்தக் காலத்தில் ஒரு வெள்ளைக்காரப் பெண் முழங்காலுக்கு மேல் துணியை உயர்த்திக் காட்டினால் அது ஆபாசம். எனவே அவரோடு ஒரு கதையையும் சேர்த்து விற்றார்கள்: செவ்விந்தியர்கள் அவரையும் தந்தையையும் சிறைபிடித்தார்களாம், மகளின் உடலெங்கும் பச்சை குத்தும்படி தந்தையை மிரட்டினார்களாம். கதை முழுப் பொய். மார்ட்டின் ஹில்டெபிராண்ட் என்ற தொழில்முறைக் கலைஞர், இந்தக் காட்சிக்காகவே குத்தியவை அவை. ஆனால் பொய் இல்லாமல் டிக்கெட் விற்றிருக்காது. ‘பாவம், கட்டாயப்படுத்திவிட்டார்கள்’ என்று உச்சுக் கொட்டிக்கொண்டே பார்ப்பவர் ஆசை தீரப் பார்க்கலாம். இது என் தொழில், இதற்காகவே குத்திக்கொண்டேன் என்று அந்தப் பெண் சொல்லியிருந்தால் பார்த்தவருக்குத் தன் பார்வையைப் பற்றி யோசிக்க வேண்டி வந்திருக்கும்.

உடலைக் கொண்டு வேலை செய்யும் பெண்ணிடம் சமூகம் எப்போதும் ஒரு கதையைக் கேட்கிறது. அந்தக் கதை இரண்டில் ஒன்றாக இருக்க வேண்டும். அவள் வஞ்சிக்கப்பட்ட அபலை, இல்லையென்றால் ஆணைக் கெடுக்கும் மோகினி. மூன்றாவதாக ஒன்று உண்டு, அதுதான் உண்மைக்கு மிக அருகில் இருப்பது: அவள் வேலை செய்கிறாள். அதைக் கேட்க ஆள் இல்லை.

சில்க் ஸ்மிதாவைச் சுற்றியும் இந்த இரண்டு கதைகளே வளர்ந்தன. அவர் கடித்து வைத்த ஆப்பிளை ஏலம் விட்டார்கள் என்ற கதையைக் கேட்காத தமிழர் குறைவு. எந்த ஊரில், யார் எடுத்தார், எவ்வளவுக்கு எடுத்தார் என்பது சொல்லுபவருக்குச் சொல்லுபவர் மாறும். ஆப்பிளைக் கடித்தவள் என்றதும் ஏவாள் நினைவுக்கு வருவதும் தற்செயல் அல்ல. அவர் இறந்த பின் மோகினிக் கதை ஓய்ந்து அபலைக் கதை தொடங்கியது. முதல் கதையைச் சொல்லிச் சம்பாதித்த அதே பத்திரிகைகள் இரண்டாவதையும் சொல்லிச் சம்பாதித்தன.

*

இலக்கிய வகுப்பில் சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையை நடத்தும்போதெல்லாம் எனக்கு ஒன்று தோன்றும். மாதவியின் அழகைச் சொல்லிவிட்டு இளங்கோ நகர்ந்துவிடவில்லை. ஐந்து வயதில் தொடங்கி ஏழாண்டுகள் கற்றதைச் சொல்கிறார். ஆடலாசிரியர், இசையாசிரியர், பாடல் எழுதுபவர், தண்ணுமை முழக்குபவர், குழலூதுபவர், யாழ் மீட்டுபவர் என்று ஒவ்வொருவரின் தகுதியையும் தனித்தனியே சொல்கிறார். அரங்கின் நீள அகல உயரக் கணக்கைச் சொல்கிறார். தலைக்கோல் பட்டத்தையும் ஆயிரத்தெட்டுக் கழஞ்சுப் பொன்னையும் அதன் பிறகே சொல்கிறார். அந்த விலை மதிப்புள்ள மாலையைக் கூனி தெருவில் விற்க நிற்பதும் அதற்குப் பிறகே. மாதவியைக் காப்பியம் குலமகளாக ஏற்கவில்லை, அது உண்மை. ஆனால் அவள் செய்வது தொழில், அதற்குப் பயிற்சி உண்டு, அளவு உண்டு, கூட்டு உழைப்பு உண்டு என்பதை அது மறைக்கவும் இல்லை.

மதுரைக்கு இந்த நினைவு புதிதல்ல. ஊர்காண் காதையில் கோவலன் சுற்றிப் பார்க்கும் மதுரையில் அறுபத்துநான்கு கலை கற்ற பெண்களின் வீதிகள் உண்டு. பிற்காலத்தில் கோயிலோடு பிணைந்திருந்த ஆடல் பாடல் மரபு, 1947ஆம் ஆண்டின் தேவதாசி ஒழிப்புச் சட்டத்தோடு முடிவுக்கு வந்தது. முத்துலட்சுமி ரெட்டியும் மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரும் நடத்திய போராட்டத்தின் நியாயத்தை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். சிறுமிகளைப் பொட்டுக் கட்டி விடுவதை நிறுத்தியே ஆக வேண்டியிருந்தது. ஆனால் அந்தப் பெண்களின் கலை மேல்சாதி வீடுகளின் மேடைக்குப் போனது, களங்கம் மட்டும் பழைய தெருவிலேயே நின்றது. ஆடும் பெண் என்றால் இனி இருவர்: சபாவில் ஆடும் கலைஞர், சனத்துக்கு முன் ஆடும் ‘அவள்’.

இரண்டாமவளின் வரலாற்றை எழுத மதுரை சரியான ஊர். சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் பாய்ஸ் கம்பெனி தொடங்கிய ஊர் இது. பின்னர் ஸ்பெஷல் நாடகத்தின் தலைநகராகவும் ஆனது. வள்ளி திருமணம் இரவு பத்து மணிக்குத் தொடங்கி விடியும் வரை நடக்கும். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன், டான்ஸ் என்று ஒவ்வொருவரும் தனித்தனியாக ஒப்பந்தமாகி, ஒத்திகை இல்லாமல் நேரே மேடையில் சந்திப்பார்கள். பபூனோடு ‘டான்ஸ்’ பெண் செய்யும் ஆட்டத்துக்கும் இரட்டை அர்த்தப் பேச்சுக்கும் கூட்டம் காத்திருக்கும்.

இந்தக் கலைஞர்களோடு மதுரையில் தங்கி ஆய்வு செய்த அமெரிக்க மானுடவியலாளர் சூசன் சீஸர், 2005இல் தமிழ் மேடையின் களங்கம் பற்றியே ஒரு நூல் எழுதினார். மேடையைவிட மேடைக்குப் போகும் வழியைப் பற்றி அவர் எழுதியவை என்னை அதிகம் தைத்தன. நாடகத்துக்குப் போகும் பெண் பேருந்து நிலையத்தில் கூட்டத்தோடு நிற்பதைத் தவிர்க்கிறார். முடிந்தால் தனி வண்டி. வண்டிக்குள்ளும் பின்னிருக்கை. ஆண் நடிகர் கீழே இறங்கித் தேநீர் குடிக்கலாம், பெண் உள்ளேயே இருப்பார். இரவெல்லாம் ஆயிரம் பேர் பார்க்க ஆடியவர், விடிந்ததும் ஒருவர் கண்ணிலும் படாமல் வீடு சேரப் பாடுபடுகிறார். மேடைப் பெயர் வீதி வரை பின்தொடர்ந்து வந்துவிடக் கூடாது. உடலில் ஏறிய எழுத்தைச் சேலைத் தலைப்பால் மூடிக்கொள்ளும் வேலை அது. அதற்குக் கூலி கிடையாது.

சினிமாவில் அந்தத் தலைப்பும் இல்லை. மேடைப் பெண்ணின் முகம் அந்த இரவோடு போகும். சுவரொட்டி முகம் கிழிந்து தொங்கும் வரை தெருவிலேயே இருக்கும்.

*

தமிழ்ப் படத்தில் கவர்ச்சி ஆட்டம் சில்க் ஸ்மிதாவோடு தொடங்கவில்லை. ஜோதிலட்சுமி, ஜெயமாலினி, அனுராதா என்று ஒரு வரிசை உண்டு. கதாநாயகியைக் கற்போடு காப்பாற்றிக் கொடுக்க, ஆசையின் பங்கை வேறொரு பெண் ஏற்க வேண்டியிருந்தது. உழைப்புப் பிரிவினை என்று இதைச் சொல்லலாம். ஒருத்தி தாலிக்கு, ஒருத்தி பாட்டுக்கு. இருவருக்கும் நடுவே நாயகன் களங்கமில்லாமல் நடந்துபோவான்.

இந்த இடத்துக்கு வந்த ஸ்மிதா அதைத் தன் கணக்கில் மாற்றினார். 1982, 1983 ஆகிய இரண்டே ஆண்டுகளில் ‘மூன்றாம் பிறை’, ‘சகலகலா வல்லவன்’, ‘மூன்று முகம்’, ‘பாயும் புலி’, ‘தங்க மகன்’ எல்லாவற்றிலும் அவர் இருக்கிறார். விற்காமல் முடங்கிக் கிடந்த படங்கள் அவருடைய பாட்டு ஒன்றைச் சேர்த்த பிறகு விலைபோயின என்பது கோடம்பாக்கத்தில் எல்லோரும் ஒப்புக்கொள்ளும் செய்தி. 1983இல் ‘சில்க் சில்க் சில்க்’ என்று ஒரு படமே வந்தது. பதினேழு ஆண்டுகளில் ஐந்து மொழிகளில் நானூற்றைம்பது படங்களுக்கு மேல் என்று கணக்குச் சொல்கிறார்கள். ஆண்டுக்கு இருபத்தைந்துக்கும் மேல். ஒரு நாளில் இரண்டு மூன்று தளங்கள், ஒவ்வொரு தளத்திலும் வேறு உடை, வேறு தாளம். இடையே ஒப்பனை கலைத்து மீண்டும் போடுதல். மோகினியின் நாள் இப்படிக் கழியாது. இது ஆலைத் தொழிலாளியின் ஷிப்ட்.

நடிப்பும் இருந்தது. 1981இல் பாரதிராஜாவின் ‘அலைகள் ஓய்வதில்லை’ படத்தில் தியாகராஜனின் மனைவியாக வருகிறார். குரலை அடக்கி, கண்ணால் பேசும் வீட்டுப் பெண். ‘மூன்றாம் பிறை’யில் வயதான தலைமையாசிரியரின் இளம் மனைவி. அந்தப் பாத்திரத்தின் ஏக்கத்தைப் பாலு மகேந்திரா கேலியாக்கவில்லை, ஸ்மிதாவும் கேலியாக்கவில்லை. சாவித்திரி, சுஜாதா, சரிதா போலக் குணச்சித்திர நடிகையாகவே விரும்பினேன் என்று அவர் பேட்டியில் சொல்லியிருக்கிறார். அந்தப் பட்டியலைக் கவனியுங்கள். ‘வண்டிச்சக்கர’த்தின் நாயகி அதில் இருக்கிறார். ஒரே படத்தில் ஒருவர் பாத்திரத்தைக் கழற்றி வைத்துவிட்டுப் போனதை இன்னொருவர் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறார்.

மதுரையில் இரண்டு சில்க் ஸ்மிதாக்கள் இருந்தார்கள். ஒருவர் ரஜினி, கமல் படங்களில் வருபவர். குடும்பத்தோடு போய்ப் பெண்கள் பகுதியில் உட்கார்ந்து பார்த்த அம்மாக்களுக்கும் அத்தைகளுக்கும் அவரைத் தெரியும். பாட்டு வந்ததும் தலையைக் குனிந்துகொள்வார்கள், பிறகு அவருடைய ரவிக்கை தைத்த விதத்தைப் பற்றித் தங்களுக்குள் பேசிக்கொள்வார்கள். இன்னொருவர் காலைக் காட்சிகளின் சில்க். அந்தத் தியேட்டர்களுக்குள் பெண்கள் போனதில்லை. ஆனால் பள்ளிக்குப் போகும் வழியெல்லாம் சுவரில் அவர் இருந்தார். கொஞ்சம் அலங்கரித்துக்கொண்டு தெருவில் இறங்கிய பெண்ணிடம் ‘பெரிய சிலுக்குன்னு நெனப்போ’ என்று கேட்பது அக்காலத்து வசை. கேட்டவர்கள் ஆண்கள் மட்டுமல்ல, பெற்ற தாயும் கேட்டாள். ஒரு பெண்ணின் மேல் குத்திய பெயர் இப்படி எல்லாப் பெண்களையும் அடக்கி வைக்கும் கோலாக மாறியது. வயதுக்கு வந்த எங்கள் தலைமுறைக்கு உடல் பற்றிய முதல் எச்சரிக்கை அந்தப் பெயரில்தான் வந்தது.

*

வயது வந்தோருக்கான படம் என்ற முத்திரைக்கும் ஒரு கதை உண்டு. தமிழில் முதலில் ‘ஏ’ சான்றிதழ் வாங்கியதாகச் சொல்லப்படும் படம் 1951இன் ‘மர்மயோகி’. காரணம் பெண்ணுடல் அல்ல, பேய். பேய்க்கு என்று வந்த எழுத்து எண்பதுகளில் பெண்ணுக்கு என்று ஆகிவிட்டது. சுவரொட்டியில் அந்த எழுத்தைப் படத்தின் பெயரைவிடப் பெரிதாக அச்சடித்தார்கள். எச்சரிக்கை விளம்பரமாயிற்று. ‘மலையாளப் படம்’ என்ற சொல்லுக்குத் தமிழ்நாட்டில் தனிப் பொருளே உண்டானது. ஒரு மொழியின் நல்ல சினிமா முழுவதும் அந்தச் சொல்லுக்குள் மூழ்கிப்போனது.

1989இன் ‘லயனம்’ அவ்வகைப் படங்களில் பேர்பெற்றது. இந்திக்கு மொழிமாற்றம் செய்யப்பட்டு நாடெங்கும் ஓடியது. நடுத்தயாரிப்பாளர்கள் குறைந்த முதலில் எடுத்து, ஸ்மிதாவின் பெயரில் விற்றார்கள். தொண்ணூறுகளில் நிலைமை மாறியது. கவர்ச்சி ஆட்டத்தைக் கதாநாயகிகளே ஆடத் தொடங்கினார்கள். அவர்கள் ஆடினால் அது நடனம், பழைய களங்கம் ஒட்டவில்லை. தனியாகக் களங்கத்தைச் சுமக்க ஒரு பெண் இனி தேவைப்படவில்லை என்றால் அது முன்னேற்றம்தானே என்று கேட்கலாம். களங்கம் போகவில்லை, அதைச் சுமந்தவரின் கூலிதான் போனது.

1990களின் நடுவில் ‘ப்ளேகேர்ள்ஸ்’ படத்தில் ஸ்மிதாவோடு அறிமுகமான இளம்பெண் ஷகிலா. 2000ஆம் ஆண்டின் ‘கின்னாரத்தும்பிகள்’ அவரைக் கேரளத்தின் பெரிய நடிகர்களே அஞ்சும் வசூல் நட்சத்திரமாக்கியது. அந்தப் படங்களில் ஒரு தந்திரம் நடந்தது. தணிக்கை முடிந்த படத்துக்குள் தியேட்டரில் வைத்துத் துண்டுப் படங்களை இடையில் ஒட்டினார்கள். தமிழில் அதற்குப் பெயரே ‘பிட்டு’. முகம் ஒருவருடையது, ஒட்டிய உடல் வேறொருவருடையது. அந்தக் காட்சிகளில் இருப்பது நான் இல்லை என்று ஷகிலா பலமுறை சொல்லியிருக்கிறார். ஆனால் பார்த்தவர் மனத்தில் எல்லா உடலும் அவருடையதே. பெயரைத்தான் முதலில் எடுத்துக்கொண்டார்கள், பிறகு முகத்தையும் எடுத்து வேண்டிய உடலில் ஒட்டினார்கள். இன்று செல்பேசியில் எந்தப் பெண்ணின் முகத்தையும் எந்த உடலிலும் ஒட்டும் போலிக் காணொளியைக் கண்டு அதிர்கிறோம். அந்தக் கொடுமையை முதலில் அனுபவித்தவர்கள் இந்த நடிகைகள். அப்போது யாரும் அதிரவில்லை.

1996 செப்டம்பர் 23 அன்று சில்க் ஸ்மிதா சென்னையில் தன் வீட்டில் இறந்து கிடந்தார். வயது 35. தற்கொலை என்று காவல் துறை முடிவு செய்தது. படத் தயாரிப்பில் இறங்கி நட்டப்பட்டிருந்தார் என்று செய்திகள் சொன்னன. அவர் பெயரைப் போட்டால் விற்றது, அவர் முதல் போட்டால் விற்கவில்லை. பெயரின் உரிமை அவரிடம் இல்லை என்பதற்கு இதைவிட வேறு கணக்கு வேண்டியதில்லை. 2011இல் வித்யா பாலன் நடித்த ‘தி டர்ட்டி பிக்சர்’ வெளியானது. வெளியீட்டு நாள் டிசம்பர் 2, ஸ்மிதாவின் பிறந்த நாள். எங்களிடம் அனுமதி கேட்கவில்லை என்று ஸ்மிதாவின் சகோதரர் எதிர்த்தார். இது அவர் வாழ்க்கைக் கதை அல்ல என்றார்கள் படத்தை எடுத்தவர்கள். பிறந்த நாள் மட்டும் எப்படிப் பொருந்தியது என்பதை விளக்கவில்லை. அதில் நடித்ததற்காக வித்யா பாலனுக்குத் தேசிய விருது கிடைத்தது. அந்தப் பாத்திரத்தையும் அவர் கழற்றி வைத்துவிட்டு அடுத்த படத்துக்குப் போனார். 2023இல் ‘மார்க் ஆண்டனி’யில் ஒரு காட்சிக்குச் சில்க் ஸ்மிதாவின் உருவத்தை இன்னொரு நடிகையைக் கொண்டு மீட்டெடுத்தபோது தியேட்டரில் விசில் பறந்தது. உழைத்தவர் போன பிறகும் பெயர் ஷிப்டுக்கு வந்துகொண்டேயிருக்கிறது.

*

அமெரிக்காவில் ஜென்னா ஜேம்சன் என்ற நடிகை, தன் உடலில் குத்திக்கொண்ட இதயச் சின்னத்தையே தன் நிறுவனத்தின் அடையாளமாக்கினார். 2004இல் வந்த அவருடைய தன்வரலாறு நன்றாக விற்றது. போனி ராட்டன் என்ற நடிகை உடலெங்கும் பச்சையோடு அந்தத் துறைக்குள் வந்து 2014இல் அதன் பெரிய விருதை வாங்கினார். தன் உடலில் எதை எழுதுவது என்பதைத் தானே முடிவு செய்துகொண்ட பெண்கள் இவர்கள் என்று சொல்லிவிடலாம். அந்தத் தொழிலில் சுரண்டல் இல்லை என்று சொல்ல நான் வரவில்லை. ஜேம்சனின் நூலே வன்முறையும் போதையும் நிறைந்தது. ஆனால் அவர்கள் சொன்ன கதையில் ‘நான்’ இருக்கிறது, வரவு செலவு இருக்கிறது. சில்க் ஸ்மிதா ஒரு நூலும் எழுதிவைக்காமல் போனார்.

ஷகிலா எழுதினார். 2013இல் மலையாளத்தில் வந்தது அவர் தன்வரலாறு. வீட்டின் பசிக்குத் தன்னை அனுப்பியவர்களைப் பற்றியும், சம்பாதித்த பணம் கைவிட்டுப் போனதைப் பற்றியும் அவர் ஒளிக்கவில்லை. பிறகு தொலைக்காட்சியின் ‘குக்கு வித் கோமாளி’ இரண்டாம் பருவத்தில் சமைக்க வந்து இரண்டாம் இடம் பிடித்தார். வீடு வீடாக அவர் ‘ஷகிலாம்மா’ ஆனார். எனக்கு அதில் மகிழ்ச்சி உண்டு. உறுத்தலும் உண்டு. மோகினியை மன்னிக்க நமக்கு ஒரே வழி, அவளை அடுப்படியில் நிறுத்தி அம்மா ஆக்குவது. ‘சிலுக்கு’ என்பதற்கும் ‘அம்மா’ என்பதற்கும் நடுவே தமிழில் ஒரு சொல்லும் இல்லாதது போல நடந்துகொள்கிறோம். சொல் இருக்கிறது. தொழிலாளி.

அந்தச் சொல்லை இறந்தவர்களுக்கு மட்டும் வைத்துக்கொள்ளத் தேவையில்லை. சித்திரை, வைகாசி வந்தால் மதுரை, சிவகங்கை, இராமநாதபுரம் பக்கத்துக் கிராமங்களில் திருவிழாவுக்கு ‘ஆடல் பாடல்’ வைக்க அனுமதி கேட்டு உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் மனுக்கள் குவியும். அனுமதி வரும், நிபந்தனைகளோடு வரும். ஆபாச அசைவு கூடாது, இரட்டை அர்த்தப் பாட்டு கூடாது, இத்தனை மணிக்குள் முடிக்க வேண்டும். ஊர்ப் பெரியவர்கள் கேட்ட ஆட்டம், விழாக் குழு கொடுத்த பணம், இளவட்டங்கள் அடித்த விசில். ஆனால் நிபந்தனை முழுவதும் ஆடும் பெண்ணின் உடலைப் பற்றியதாக இருக்கும். அவளுக்குப் பேசிய கூலி என்ன, உடை மாற்ற மறைவிடம் உண்டா, மேடையில் ஏறிக் கை வைப்பவனை யார் தடுப்பது, நள்ளிரவில் அவள் எந்த வண்டியில் வீடு திரும்புவாள் என்பவை பேசப்படுவதே அரிது.

அந்தப் பெண்களுக்கும் மேடைப் பெயர்கள் உண்டு. ஒலிபெருக்கியில் அறிவிப்பவர் நடிகைகளின் பெயரையே அவர்களுக்கு வைத்து அழைக்கிறார். சில்க் ஸ்மிதாவின் பெயரில் ஆடும் பெண்களும் இருக்கிறார்கள். நமக்குச் செய்ய வேண்டிய ஆய்வு அங்கே காத்திருக்கிறது. ஒப்பந்தக்காரரிடம் அவள் கையெழுத்துப் போட்ட பெயர் எது, அதற்கு எதிரே எழுதிய தொகை எவ்வளவு, அதில் அவள் கைக்கு வந்தது எவ்வளவு. கொவ்வலியிலிருந்து வந்த விஜயலட்சுமியைப் பற்றி யாரும் குறித்து வைக்காமல் விட்டவை இவைதான். இப்போது ஆடிக்கொண்டிருப்பவர்களைப் பற்றியாவது குறித்து வைப்போம்.